எந்த வழிக் கசின்

ஹாப் அன்றைக்கும் அம்பை விடவில்லை.

ஓடையின் இந்தக் கரையில் வெள்ளை ரோஜாக் கட்சி, அந்தக் கரையில் சிவப்பு ரோஜாக் கட்சி. நடுவில் முழங்கால் அளவு தண்ணீர், மேலே பனிமூட்டம். இந்தப் பக்கம் தார்ன்லி பிரபுவின் வில்லாளிகளில் முன்னால் நிற்பவன் ஹாப். அந்தப் பக்கம் ஆஷ்கோம் பிரபுவின் ஈட்டிக்காரன் பியர்ஸ். ஹாப் அம்பை விட வேண்டும். பியர்ஸ் அதைக் கழுத்தில் வாங்கிக்கொண்டு விழ வேண்டும். பியர்ஸின் கூட்டாளிகள் ஓடையைத் தாண்டி வந்து ஹாப்பை வெட்ட வேண்டும். அதிலிருந்து சண்டை பற்றிக்கொள்ளும். ஏற்பாடு அதுதான்.

ஹாப் நாணை இழுத்துப் பிடித்து நின்றான். பனிக்குள்ளிருந்து பியர்ஸின் குரல் வந்தது.

"அத்தான், நல்லாருக்கியளா? அக்கா எப்படி இருக்கா?"

ஹாப் நாணைத் தளர்த்தினான். "இருக்கா மாப்ள. அத்தைக்கு மூட்டுவலி தேவலையா?"

அவ்வளவுதான். பின்னால் நின்றவர்கள் ஒவ்வொருவராகக் குத்தவைத்து உட்கார்ந்தார்கள். ஒருவன் இரும்புத் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துகொண்டான்.

திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்த கோமதிநாயகமும் தலையைச் சொறிந்துகொண்டான்.

அவனுடைய அலுவலகம் பாளையங்கோட்டையில், ஒரு ஜவுளிக்கடையின் மாடியில் இருந்தது. அங்கே மனங்களைச் செய்தார்கள். இங்கிலாந்தின் வடக்கே ஒரு அருங்காட்சியகம் அவர்களிடம் ஒரு போர்க்களத்தைக் கேட்டிருந்தது. பார்வையாளர்கள் புல்வெளியில் நின்றால், ஐந்நூறு வருடத்துக்கு முந்தைய ஆட்கள் ஒளியுருவாகச் சுற்றிலும் நடமாடுவார்கள், கேட்டதற்குப் பதில் சொல்வார்கள். சொல்லிக்கொடுத்ததை ஒப்பிக்கும் பொம்மைகள் இல்லை. ஒவ்வொருவனுக்கும் பசி உண்டு, கோபம் உண்டு, நேற்று நடந்தது ஞாபகம் இருக்கும்.

ஒரு சின்ன விஷயம். இந்த மனங்கள் திருநெல்வேலிச் சீமையின் பேச்சைக் கேட்டு வளர்ந்தவை. வாயைத் திறந்தால் பழைய இங்கிலீஷ் வரும்படி வெளியே ஒரு மாற்றி பூட்டியிருந்தார்கள். அதைக் கழற்றிவிட்டால் உள்ளே ஓடுவது சுத்தமான நெல்லைத் தமிழ். சோதனையின்போது கழற்றித்தான் வைத்திருந்தார்கள்.

"இன்னைக்கும் உக்காந்துட்டானுவளா?" என்று கேட்டுக்கொண்டே ஜெசிந்தா வந்தாள். அவள்தான் இந்த வேலைக்குத் தலைமை. கையில் பாதி முறுக்கு இருந்தது.

"உக்காந்துட்டாங்கக்கா. ஈட்டியில துணி காயப்போடுதான் ஒருத்தன்."

"சாயங்காலம் அந்தம்மா பாக்கப்போகுது. இத்தன மாசம் செஞ்சு இதையா காட்ட?"

அந்தம்மா என்றால் எலினார். அருங்காட்சியகத்தின் வரலாற்றாசிரியர். அவர் தலையசைத்தால் வேலை முடிந்தது.

"போன வாரம் வரைக்கும் ஒழுங்காத்தான் வெட்டிக்கிட்டானுவ. என்ன மாத்துனிய?"

"குடும்பத்த ஏத்தினோம். அவங்கதான கேட்டாங்க, வெறும் சிப்பாயா இருந்தா உயிர் இல்ல, சொந்தபந்தம் வேணும்னு."

ஜெசிந்தா முறுக்கைக் கடித்தாள். "சொந்தபந்தம்னு சொன்னதும் எனக்குத் தோணிச்சு, இது உருப்படாதுன்னு. யார்க் கோமகன் வம்சத்தப் பாத்தேன். ராஜா அவருக்கு அப்பா வழியில மகன் முறை, அம்மா வழியில சித்தப்பா முறை. இதுல யாரு யாருக்கு வணக்கம் வைக்க?"

"அது தெரியாமத்தான் முப்பது வருசம் அடிச்சிக்கிட்டாங்க போல."

ஒரே ராஜாவின் பிள்ளைகள் வழி வந்தவர்கள் யார்க், லங்காஸ்டர் என்று இரண்டாகப் பிரிந்து சிம்மாசனத்துக்கு அடித்துக்கொண்ட கதை அது. பெரிய வீட்டார் அடித்துக்கொண்டால் அவர்களுடைய சோற்றைத் தின்கிற சின்ன பிரபுக்களும் அடித்துக்கொள்ள வேண்டும். சின்ன பிரபுக்களுக்காக ஹாப்பும் பியர்ஸும்.

நாயகம் ஒலிவாங்கியை முன்னால் இழுத்தான். "ஹாப், கேக்குதா?"

திரையில் ஹாப் நிமிர்ந்து பார்த்தான். நாற்பது வயது, உடைந்த மூக்கு. தான் யார், எதற்காகச் செய்யப்பட்டவன் என்பதெல்லாம் அவனுக்குத் தெரியும். மறைத்தால் பார்வையாளர்களின் கேள்விகளில் குழம்பிப்போவான் என்று முதலிலேயே சொல்லிவிட்டார்கள்.

"கேக்குது. சொல்லும் வே."

"ஏன் விடல?"

"என்னத்த?"

"அம்ப."

"நல்லாருக்கே உம்ம நியாயம். எம் பொண்டாட்டிக்குக் கூடப்பொறந்தவம் வே அவம். அடிச்சுப்போட்டுட்டு வீட்டுக்கு எந்த மூஞ்சியோட போக? ஆலிஸ் ஒரு வாய் கஞ்சி ஊத்துவாளா?"

நாயகம் ஜெசிந்தாவைப் பார்த்தான். ஜெசிந்தா ஒலிவாங்கியைக் கையால் பொத்தினாள்.

"பொண்டாட்டியா? இவனுக்கு ஏது பொண்டாட்டி? அவங்க தந்ததுல ஒண்டிக்கட்டைன்னுல்லா இருக்கு."

தேடிப் பார்த்ததில் விஷயம் புரிந்தது. ஹாப்புக்கும் பியர்ஸுக்கும் என்ன உறவு என்பதற்கு அருங்காட்சியகம் ஒரே வார்த்தைதான் தந்திருந்தது. கசின். மனங்களைச் செய்யும் இயந்திரத்துக்கு அந்த வார்த்தை போதவில்லை. எந்த வழி என்று கேட்டிருக்கிறது. கேட்டபோது நாற்காலியில் இருந்தவன் நாயகம். அத்தை மகன் என்று போட்டுவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டான். அத்தைக்கு மகன் இருந்தால் மகள் இருக்கக் கூடாதா என்று இயந்திரம் யோசித்தது. முறைப்பெண் இருக்கும்போது ஹாப் ஏன் ஒண்டிக்கட்டையாக இருக்க வேண்டும் என்று அடுத்து யோசித்தது. ஆலிஸ் என்று ஒருத்தியைச் செய்து, மாதா கோயிலில் வைத்து, மணியடித்துக் கட்டிக்கொடுத்துவிட்டது.

சிரிக்க ஆரம்பித்த ஜெசிந்தா நிறுத்த வெகுநேரம் ஆனது. "அந்த ஊருல கசினக் கட்டுனா பாதிரியார் கோயில்ல சேத்துக்கிட மாட்டாரு. இங்கன நம்மாளு முறைப்பொண்ணு தேடி முடிச்சே வச்சிட்டான்."

"இயந்திரம்தான் வச்சது."

"அதுக்குச் சொல்லிக்கொடுத்தது யாரு? சரி, நேரமில்ல. சித்தப்பா மகன்னு மாத்துங்க. பங்காளி ஆக்கிட்டா எல்லாம் சரியாயிரும். பங்காளியக் கண்டா நம்ம ஊர்க்காரனுக்கு யாரும் சண்ட போடச் சொல்லிக்கொடுக்க வேண்டாம்."

"மாத்துனா ஆலிஸ்?"

"இருந்தாத்தான போறதுக்கு? தப்பா வந்தவ. அழிஞ்சிரும்."

நாயகம் திரையில் ஹாப்பைப் பார்த்தான். போவது ஆலிஸ் மட்டும் இல்லை. மாற்றினால் ஹாப் சாவான். சினிமாக் கொட்டகை மாதிரி தினமும் நாலு காட்சி. செத்தவர்களை எழுப்பும்போது ஞாபகத்தை அழிக்கக் கூடாது என்று அருங்காட்சியகம் கேட்டிருந்தது. செத்தால் எப்படி இருந்தது என்று கேட்கத்தான் சனங்கள் வருவார்களாம். போன வாரம் வரை சோதனைகளில் ஹாப் செத்துக்கொண்டுதான் இருந்தான். முதல் தடவை எழுப்பியதும் எப்படி இருந்தது என்று நாயகம் கேட்டான். சாவுறது பெரிசில்ல வே, எழும்பி உக்காந்து நமக்கு என்ன ஆச்சுன்னு யோசிக்கோம்லா, அதுதான் மோசம் என்றான் ஹாப். அதன் பிறகு நாயகம் அவனிடம் அதைக் கேட்டதில்லை.

அலைபேசி அதிர்ந்தது. நாயகம் எடுத்தான்.

"அத்தான், மோட்டர் ஓடல. தொட்டி காலி. ஆளக் கூப்பிடட்டா?"

"ஸ்விட்ச் போட்டியால?"

மறுமுனையில் செருப்புச் சத்தம் போய் நின்றது. "ஓடுது அத்தான்."

நாயகம் அலைபேசியைக் கவிழ்த்து வைத்தான்.

"செண்பகம் தம்பியா?" என்றாள் ஜெசிந்தா.

"ஆமாக்கா."

"இன்னும் உங்க கூடத்தான் இருக்கானா?"

"எங்க போவான்."

அவன் மனைவி செண்பகம் இறந்து ஒன்றரை வருடம். ஜெசிந்தா முறுக்குப் பொட்டலத்தை அவன் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

நாயகம் மறுபடி ஒலிவாங்கியைத் திறந்தான். சொல்லாமல் மாற்ற அவனுக்கு மனம் வரவில்லை. சுற்றி வளைக்காமல் சொன்னான். பியர்ஸ் இனி சித்தப்பா மகன். ஆலிஸ் இருக்க மாட்டாள். அம்பை விட்டாக வேண்டும்.

ஹாப் வில்லைத் தரையில் ஊன்றிக் கேட்டுக்கொண்டிருந்தான்.

"அப்பம் எங்க அப்பனுக்குத் தங்கச்சியே கிடையாதுன்னு ஆயிரும்."

"ஆமா."

"நல்லா ஆக்கிப்போடுவா வே எங்க அத்தை. சரி போட்டும். ஆலிஸ் இல்லேன்னா, இருந்தான்னு எனக்கு ஞாபகம் இருக்குமா?"

"இருக்காது."

"இருந்துச்சுன்னா கஷ்டம்." ஹாப் உடைந்த மூக்கைத் தடவினான். "இல்லேன்னா அதவிடக் கஷ்டம் போலத் தோணுது. என்ன செய்யணுமோ செய்யும். உமக்கும் மேல ஒரு பிரபு இருப்பாம்லா."

"இருக்காக."

"முறுக்கு திங்காளே, அவளா? சத்தம் கேக்குது."

ஜெசிந்தா மெல்லுவதை நிறுத்தினாள்.

நாயகம் அத்தையை அடித்துவிட்டுச் சித்தப்பா என்று போட்டான். இயந்திரம் யோசித்தது. வழக்கத்தைவிட அதிக நேரம் யோசித்தது. திரையின் ஓரத்தில் ஒரு வரி வந்தது. ஆன கல்யாணத்தை மாற்ற இயலாது.

"இது யாரு எழுதின விதி?" என்றான் நாயகம்.

ஜெசிந்தா ஜன்னலைப் பார்த்தாள். "முத வருசம் எழுதுனது. சும்மா சும்மா புருசன் பொண்டாட்டியப் பிரிச்சிக்கிட்டே இருந்துச்சு. கடுப்புல எழுதிட்டேன்."

"அதுக்குக் கீழ இன்னொண்ணு இருக்கு. குறுக்கே ஒரு கல்யாணம் இருந்தால் அந்த வழியில் முறை சொல்லவும்."

"ஊர்ல அப்படித்தான சொல்லுவோம்? பத்திரிகை அடிச்ச பொறவு பழைய முறைய யாரு பாக்கா?"

அதற்குள் இயந்திரம் அந்த விதியைக் கையில் எடுத்துக்கொண்டு களம் முழுவதும் கிளம்பியிருந்தது. ஹாப்பும் பியர்ஸும் பங்காளி இல்லை என்று உறுதியாகிவிட்டது. அப்படியானால் மற்றப் பங்காளிகளும் நிஜமான பங்காளிகள்தானா என்று ஒவ்வொருவராகச் சரிபார்த்தது. எல்லார் குடும்பத்திலும் எங்கோ ஒரு கல்யாணம் குறுக்கே கிடந்தது. சிப்பாய்கள் முடிந்து பிரபுக்களுக்கு ஏறியது. பெரிய வீட்டார் இருநூறு வருடமாக ஒருவருக்கொருவர் பெண் கொடுத்து எடுத்தவர்கள். கேட்கவே வேண்டாம். தார்ன்லி பிரபு ஆஷ்கோம் பிரபுவுக்குத் தாய்மாமன் ஆனார். ஓடையின் இரண்டு கரையும் சம்பந்தி வீடு.

"நிறுத்துங்க நாயகம்."

"நிறுத்த முடியாதுக்கா. அந்தம்மா வந்துட்டாங்க."

சுவரில் இருந்த பெரிய திரையில் எலினார் தோன்றினார். ஐம்பது வயது இருக்கும். நரைத்த முடி, கழுத்தில் கம்பளித் துண்டு. அவர் புல்வெளியிலேயே நின்றுகொண்டிருந்தார், சுற்றிலும் ஹாப்பின் ஆட்கள். ஜெசிந்தா பதறிப்போய் மாற்றியைப் பூட்டினாள். இனி எலினாருக்கு எல்லாம் இங்கிலீஷில் கேட்கும்.

களத்தில் பிரபுக்கள் இருவரும் குதிரையில் கரைக்கு வந்தார்கள். ஆஷ்கோம் கையை உயர்த்தினார்.

"மாமா, நீங்கதான் மொதல்ல வந்து பேசணும். எங்க வீட்டு விசேசத்துக்கு வராதது நீங்க."

"கூப்பிட்ட முறை சரியில்ல மருமவனே. ஆள் விட்டா கூப்பிடுவாக தாய்மாமன?"

மாற்றி உழைத்தது. எலினாருக்குக் கேட்டது இதுதான். கசின், நீங்கள் முதலில் வாருங்கள். கசின், என்னை அழைத்த விதம் முறையல்ல. பின்னால் சிப்பாய்கள் அத்தான் என்றும் மாப்ள என்றும் சகலை என்றும் சம்பந்தி என்றும் கத்தினார்கள். கசின், கசின், கசின், கசின்.

"அற்புதம்," என்றார் எலினார். "அப்படியே அந்தக் காலத்துக் கடிதங்களைப் படிப்பது போல இருக்கிறது. எப்போது ஆரம்பிப்பார்கள்?"

அவர்கள் ஆரம்பிக்கவில்லை. தார்ன்லி குதிரையைத் திருப்பி முதுகைக் காட்டி நின்றார். ஆஷ்கோமும் திருப்பி நின்றார். எலினார் காத்திருந்தார். பிறகு இரண்டு முதுகையும் மாறி மாறிப் பார்த்தார்.

"என்ன செய்கிறார்கள்?"

"பேச்சு வார்த்தைய நிறுத்திக்கிட்டாங்க," என்றாள் ஜெசிந்தா தன் இங்கிலீஷில்.

"எவ்வளவு நேரம்?"

"எங்க ஊர்ல பத்து வருசம்கூடப் போகும்."

நாயகம் எழுந்து நின்றான். மறைத்துப் பயனில்லை. கசினில் ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னான். அத்தை மகன், முறைப்பெண், ஆலிஸ், பங்காளி, ஆன கல்யாணம். இங்கிலீஷில் சொல்லச் சொல்ல ஒவ்வொரு வார்த்தைக்கும் ஒரு பத்தி தேவைப்பட்டது. எலினார் குறுக்கிடாமல் கேட்டார்.

"இருபது வருடமாக எனக்கு ஒன்று விளங்கவில்லை," என்றார் கடைசியில். "'என் நம்பிக்கைக்கும் அன்புக்கும் உரிய கசின்' என்று எழுதுவார்கள். அடுத்த வாரம் அந்தக் கசினின் தலையை வாசலில் மாட்டுவார்கள். எப்படி முடிந்தது?"

"அந்த வார்த்தையில ஆளே இல்ல மேடம். யாரு மகன், என்ன செய்யணும், யாரு வீட்டுக் கல்யாணத்துக்கு யாரு வரணும், ஒண்ணும் அதுல இல்ல."

"உங்கள் வார்த்தை இருந்திருந்தால் வெட்டியிருக்க மாட்டார்களா?"

"வெட்டுவோம்," என்றாள் ஜெசிந்தா. "கொஞ்சம் தாமதம் ஆகும்."

எலினார் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பைத் துடைத்துவிட்டு வேலைக்குரிய முகத்தோடு பேசினார். "நடக்காததை நடந்ததாக நான் காட்ட முடியாது. இந்த ஓடையில் ஆட்கள் செத்தார்கள். எலும்புகளை எடுத்து வைத்திருக்கிறேன். அவன் அம்பை விட்டாக வேண்டும்."

விதியை அழித்து மறுபடி முதலிலிருந்து ஏற்றலாம், ஒரு வாரம் ஆகும் என்றாள் ஜெசிந்தா. திரையில் ஹாப் எலினாரின் எதிரே வந்து நின்று அவரை ஏற இறங்கப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"நீ யாரு வீட்டுப் பிள்ளம்மா?"

மாற்றி அதை ஏதோ ஒரு மரியாதையான இங்கிலீஷ் ஆக்கியது. எலினார் தன் பெயரைச் சொன்னார்.

"பேரு இருக்கட்டும். உங்க அம்மை எந்த ஊரு?"

"இதே பள்ளத்தாக்கு," என்றார் எலினார். "மேலே அந்த ஆலைப் பக்கம். ஆர்க்ரைட் குடும்பம்."

ஹாப் ஓடையைத் திரும்பிப் பார்த்தான். "மாப்ள, இங்கன வா. உங்க வீட்டுப் பிள்ள வந்திருக்கு."

பியர்ஸ் ஆர்க்ரைட் தண்ணீரில் இறங்கி நடந்து வந்தான். ஈட்டியைக் கொண்டுவர மறந்துவிட்டான். இரண்டு பேரும் அவருக்கு முன்னால் நின்று விரல்விட்டு எண்ணினார்கள். தலைமுறை நிறைய இருந்ததால் விரல் போதவில்லை. கடைசியில் ஹாப் முடிவைச் சொன்னான்.

எலினாருக்குக் கேட்டது: கசின்.

"என்னை என்ன சொன்னான்?" என்றார் அவர் நாயகத்திடம். "உண்மையான வார்த்தையைச் சொல்லுங்கள்."

"பேத்தி."

"அப்புறம்?"

"பேத்தி நின்னு பாத்துக்கிட்டிருக்கும்போது அவ பாட்டன நான் எப்படி அடிக்கன்னு கேக்கான்."

எலினார் கம்பளித் துண்டை அவிழ்த்தார், மறுபடி சுற்றினார். பியர்ஸ் அவர் மூக்கை உற்றுப் பார்த்து, எங்க அம்மை மூக்கு அப்படியே இருக்கு அத்தான் என்றான். மாற்றி அதைச் சரியாகவே சொல்லியிருக்க வேண்டும். அவர் கை தன் மூக்குக்குப் போனது.

கையை இறக்கிவிட்டு அவர் பேசினார். "எலும்புகள் உள்ளே கூடத்தில் இருக்கட்டும். நடந்ததை அங்கே சொல்வோம், ஒன்றையும் மறைக்காமல். அதைப் பார்த்துவிட்டு இங்கே வெளியே வரட்டும். வாசலில் பெரிதாக எழுதி வைப்பேன், இது நடக்காத நாள் என்று. எது இருந்திருந்தால் நடந்திருக்காது என்று அவர்களே இவனிடம் கேட்டுக்கொள்ளட்டும்."

"ஆலிஸ்?" என்றான் நாயகம்.

"ஆன கல்யாணம் என்று நீங்கள்தானே சொன்னீர்கள். ஒன்று மட்டும். அந்த கசினை எடுத்துவிடுங்கள். அவன் என்ன சொல்கிறானோ அதே வார்த்தை வரட்டும். புரியாவிட்டால் எங்கள் ஆட்கள் கேட்பார்கள். கேட்கட்டும்."

திரை அணைந்தது. ஜெசிந்தா நாற்காலியில் சாய்ந்தாள். "அடுத்து அவங்களுக்குப் பிரான்ஸ் சண்டை வேணுமாம், நூறு வருசச் சண்டை. கிளம்பினது யாரு தெரியுமா? தாய்மாமன் சொத்து எனக்குத்தான்னு இங்கிலீஷ் ராஜா. அத எப்படி நடத்த?"

"அது நடக்கும்கா. சொத்துன்னு வந்துட்டுல்லா."

அவள் சிரித்துக்கொண்டே கீழே டீ சொல்லப் போனாள். நாயகம் மாற்றியைக் கழற்றிவிட்டு ஒலிவாங்கியை இழுத்தான்.

"ஹாப், இனி நீ சாக வேண்டாம். ஆலிஸும் இருப்பா. எல்லாம் அப்படியே இருக்கும்."

ஹாப் சந்தோஷப்படுவான் என்று எதிர்பார்த்தான். ஹாப் ஓடைக்கரைக் கல்லில் உட்கார்ந்து, பூட்ஸுக்குள் புகுந்த தண்ணீரைக் கவிழ்த்துக்கொண்டிருந்தான். பக்கத்தில் பியர்ஸ் தன் பசுமாட்டின் வயிற்றுப்போக்கைப் பற்றி நிறுத்தாமல் பேசிக்கொண்டிருந்தான்.

"சண்டைன்னா அன்னையோட தீந்துரும் வே," என்றான் ஹாப் தணிந்த குரலில். "சம்பந்தம் சாவுற வரைக்கும்லா. இப்பம் எனக்குச் சாவும் கிடையாதுங்கீரு."

"என்ன செய்ய?"

"என்னத்தச் செய்ய? கேட்டுத்தான் ஆவணும்." அவன் பூட்ஸை மாட்டிக்கொண்டு பியர்ஸின் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தான். "ம், சொல்லு மாப்ள. பொறவு அந்த மாடு என்ன செஞ்சிச்சு?"